காலி ஓட்டம்

பூங்கா திறக்கும் முன் ரோலர் கோஸ்டரை ஒருமுறை காலியாக ஓட்டிப் பார்ப்பது தினமும் அவள் வேலை. மேட்டின் உச்சியைத் தாண்டும்போது உடம்பு எடையற்று எழும்பும். பிடித்து வைப்பது மடிமேல் இறங்கும் கம்பிதான். பெரியவர் உட்கார்ந்திருந்தால் அது இரண்டு 'டக்'கோடு நிற்கும், சின்னப்பிள்ளை என்றால் மூன்று, காலி இருக்கையில் ஐந்து.

அவள் மகள் காய்ச்சலில் இறந்துபோன மறுவாரத்திலிருந்து கடைசி இருக்கையின் கம்பி மட்டும் மூன்றோடு நின்றது.

"புதுசு மாத்தியும் இப்படித்தான் நிக்குதுக்கா," என்று மெக்கானிக் கையை விரித்தான்.

வண்டியில் ஏறத் தேவையான உயரத்தைக் காட்டும் பலகைக்கு மகள் இரண்டு விரற்கடை குறைவு. அவள் ஆசையாய் ஏறி உட்கார்ந்த அன்று சொன்னதையே அம்மா தினமும் அந்தக் கடைசி இருக்கையிடம் சொன்னாள்: "இறங்குடி. இன்னும் உயரம் பத்தல." கம்பியைத் தூக்கி மறுபடி அழுத்தினால் ஐந்து கேட்கும். வண்டியை அனுப்புவாள்.

ஆறு வருஷம் கழித்து ஒருநாள் கம்பி இரண்டிலேயே நின்றது. வெகுநேரம் அதன்மேல் கை வைத்திருந்தாள்.

"கெட்டியாப் புடிச்சுக்கடி," என்று சொல்லிவிட்டுப் பச்சைப் பொத்தானை அழுத்தினாள்.

தொண்ணூறு விநாடியில் வண்டி திரும்பியது. கடைசி இருக்கையில் கம்பி அடிவரை இறங்கியிருந்தது.

அதன்பிறகு எந்தக் காலையிலும் ஐந்துதான். ஒன்றுக்கு இரண்டு தடவையாக அழுத்திப் பார்க்கிறாள்.