மலையிடம் சொன்னது

எங்கள் தீவில் எரிமலை புகைந்தால் மருமகள்கள் மேலே ஏறிப்போய், வீட்டில் சொல்ல முடியாததையெல்லாம் அதன் முகத்துக்கு நேரே கத்திவிட்டு வருவார்கள். அப்போது மலை அடங்கிவிடும் என்பது முன்னோர் நம்பிக்கை. அதற்குப் பேசும் கருவி பொருத்தி ஒரு தலைமுறை ஆகிறது. வம்பே அதுதான். கேட்டது எதையும் மலை மறப்பதில்லை.

லினெத் கத்திவிட்டு இறங்கியதும் அவள் மாமியார் சவுந்தரி மூச்சிரைக்க ஏறினாள்.

“என் மருமக என்னைப் பத்தி என்ன சொன்னா?”

“மீன்குழம்புல நடுத்துண்டெல்லாம் அவங்க மகனுக்கு, எனக்கு வெறும் வால்தான்னு அழுதா,” என்றது மலை. “புதுசா ஒண்ணுமில்ல. நீ மருமகளா வந்தப்போ அழுததேதான். வார்த்தைகூட மாறல.”

சவுந்தரி இறங்கினாள். மறுநாள் நடுத்துண்டு லினெத்தின் தட்டில் விழுந்தது.

தன் தட்டிலிருந்த வாலையே பார்த்துக்கொண்டிருந்த மகன் கேட்டான்: “ஏம்மா, மலைக்கு ஆம்பளைங்க போகக்கூடாதா?”