முதலில் நீ

மின்னல் மந்திரவாதிகளுக்கும் பனி மந்திரவாதிகளுக்கும் நடந்த போர் தொடங்கிய வேகத்திலேயே நின்றுபோனது. இரண்டு தலைவர்களும் ஒரே நேரத்தில் ஒரே மந்திரத்தை எதிரிப் படைமேல் ஏவிவிட்டார்கள். தலைவர்கள் உட்பட எல்லாரும் தவளைகளாகிப் பக்கத்துக் குளத்தில் தொப்தொப்பென்று விழுந்தார்கள்.

அந்த மந்திரத்தை ஏவியவரால்தான் திரும்ப எடுக்க முடியும்.

"நீ முதலில் எங்களை மனிதராக்கு. அப்புறம் நான் உங்களை மாற்றுகிறேன்" என்றது மின்னல் தலைவரான தவளை.

"நன்றாயிருக்கிறதே! ஆள் உயரம் வந்ததும் எங்களை மிதித்தே கொன்றுவிடுவாய். முதலில் நீ" என்றது பனித் தலைவரான தவளை.

"அவசரமே இல்லை, நிதானமாகப் பேசுங்கள்" என்ற கரையோரக் கொக்கு, மின்னல் படையில் ஒன்றைக் கொத்தி விழுங்கியது. பனிப் படை ஆரவாரம் செய்தது. மறுநாள் பனிப் படையில் ஒன்று போனது. மின்னல் படை குதித்துக் கூத்தாடியது.

மழைக்காலம் முடிவதற்குள் தலைவர்கள் மட்டுமே மிஞ்சினார்கள். அப்போதும் பேச்சு அதே இடத்தில்தான் நின்றது. ஒரு காலையில் கரைப்பக்கம் ஒதுங்கிய பனித் தலைவரும் கொக்கின் வாய்க்குள் போனார்.

"வென்றோம்!" என்று நடுக்குளத்துத் தாமரை இலையிலிருந்து கத்தியது மின்னல் தவளை. கூடச் சேர்ந்து கத்த யாருமில்லை.

கொக்கு மரியாதையாகத் தலை குனிந்தது.

"வாழ்த்துகள், தலைவரே. வெற்றி மாலை போட வேண்டும். கொஞ்சம் இப்படிக் கரைக்கு வருகிறீர்களா?"

தவளை நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு தாவியது.