ஏரிப் படத்துக் கொசு

மியூசியச் சுவரில் குடியிருந்த பல்லிக்கு, அங்கே மாட்டியிருந்த ஏரிப் படத்தைக் கண்டாலே எரிச்சல். அதை வரைந்த அருளப்பன் செத்து நூற்றைம்பது வருஷம் ஆகிறது. இன்னமும் ஜனங்கள் கூட்டம் கூட்டமாக வந்து, வாயைப் பிளந்துகொண்டு நிற்கிறார்களே!

"வெறும் சாயம். இதற்குப் போய் இத்தனை ஆர்ப்பாட்டமா?" என்று முணுமுணுத்தபடி படத்தின் மேல் ஏறியது.

ஏரியின் நடுவில் ஒரு கொசு உட்கார்ந்திருந்தது. பல்லி லபக்கென்று கவ்விப் பார்த்தது. கொசு அசைந்துகொடுக்கவில்லை.

"இழுக்காதீங்க அண்ணே, நான் சாயத்தோடு ஒட்டிக் காய்ந்துபோனவள்" என்றது கொசு.

"இதில் எப்படி வந்து மாட்டினாய்?"

"அருளப்பன் ஐயா ஏரிக்கரையில் நின்றுதான் இதை வரைந்தார். சாயம் ஈரமாக இருந்தது. முட்டையிடத் தண்ணீர் தேடி வந்த நான், இதில் இறங்கிவிட்டேன்."

"அட மக்கே! நிஜ ஏரி அங்கேயே இருந்திருக்குமே?"

"இருந்தது அண்ணே, பத்தடி தள்ளி. இரண்டையும் நன்றாகச் சுற்றிப் பார்த்துவிட்டுத்தான் இதில் இறங்கினேன்."

பல்லி திரும்பிப் போகும்போது, கால் நனைந்துவிடாமல், கரையோரமாகவே சுற்றிக்கொண்டு போனது.