உடையாத சாமான்

“ஒரு கையால தூக்கு. இன்னொரு கையை ஒத்தாசைக்குக் கொண்டு வராதே” என்றாள் மார்லிஸ்.

ஜனெல் அந்த வார்ப்பிரும்பு வாணலியை ஒற்றைக் கையால் தூக்கிப் பிடித்தாள். மணிக்கட்டு விண்ணென்று தெறித்தது. சந்தையில் மாட்டின் பல்லைப் பிடித்துப் பார்ப்பவள் போல வருங்கால மாமியார் அவளை மேலும் கீழும் பார்த்துவிட்டு, “ம், தேறும்” என்றாள். தேறியது வாணலியா, தானா என்று ஜனெலுக்கு விளங்கவில்லை.

அமெரிக்காவின் டுலூத் நகரில் இருந்த அந்தப் பாத்திரக் கடைக்குள் அவர்கள் நுழைந்து ஒரு மணி நேரம் ஆகியிருந்தது. கல்யாணத்துக்கு வருகிறவர்கள் என்னென்ன பரிசு தரலாம் என்று ஜோடியாக வந்து பட்டியல் போட்டுக் கொடுக்க வேண்டும். ஜோடியில் பாதியான ப்ரைஸோ, உறைந்த ஏரியில் ஓட்டை போட்டு மீனுக்குக் காத்திருந்தான். “அம்மாவைக் கூட்டிட்டுப் போ, அவங்களுக்கும் பொழுது போகும்” என்று பெரிய மனசு பண்ணி அனுப்பி வைத்திருந்தான்.

ஆனாலும் ப்ரைஸ் உத்தமன். வடக்கு டகோட்டா எண்ணெய்க் கிணறுகளில் பத்து வருஷம் வேலை பார்த்தவன். அங்கே ஹெய்டி என்பவளைக் கட்டி, அது முறிந்துபோன கதையை முதல் சந்திப்பிலேயே, காப்பி ஆறுவதற்குள் சொல்லிவிட்டான். அந்த நேர்மையில்தான் ஜனெல் விழுந்தாள். தன்னோடு இலவச இணைப்பாக இப்படி ஓர் அம்மா வருவாள் என்பதைச் சொல்ல மட்டும் மறந்துவிட்டான்.

நீலப் பூப்போட்ட பீங்கான் தட்டுகளைப் பார்த்ததும் ஜனெல் நின்றாள். “பன்னிரண்டு பேருக்கான செட்! எவ்வளவு அழகு பாருங்க!”

“அழகுதான். கீழே விழுந்தா சத்தம் இன்னும் அழகா இருக்கும்” என்றாள் மார்லிஸ். “அந்த எனாமல் தட்டைப் போடு. நாலு போதும்.”

“நாலா? நவம்பர்ல நன்றித் திருநாள் விருந்துக்கு உங்க வீட்டு ஆளுங்களே பதினஞ்சு பேர் வருவாங்களே! மத்தவங்க எல்லாம் கையில ஏந்திச் சாப்பிடுவாங்களா?”

“அவங்க எதுல சாப்பிட்டா உனக்கென்ன?”

ஊரார் வாங்கித் தரப்போகும் பரிசுக்கே இத்தனை கஞ்சத்தனம் என்றால், சொந்தக் கைக்காசுக்கு எப்படியோ! ஜனெல் பல்லைக் கடித்துக்கொண்டு நாலு எனாமல் தட்டுகளைப் பட்டியலில் ஏற்றினாள்.

எட்டுப் பேர் உட்காரும் சாப்பாட்டு மேசையை மார்லிஸ் திரும்பியே பார்க்கவில்லை. மாவு பிசையும் சிவப்பு மெஷின் முன்னால் மட்டும் நின்று, கைப்பையிலிருந்து அளவு நாடாவை எடுத்து அதன் பெட்டியை அளந்தாள்.

“இது உன் கார் டிக்கியில போகுமா?”

“என் கார் எதுக்கு? ப்ரைஸோட டிரக் இருக்கே.”

“டிரக் அவனோடது. உன் டிக்கியில போகுமா, போகாதா?”

“போகும்.”

“அப்போ எழுதிக்கோ. நல்ல கெட்டி மோட்டார். தினமும் இருபது ரொட்டி சுட்டு வித்துக்கூடப் பொழைச்சுக்கலாம்.”

ஜனெலுக்குப் பொறுக்கவில்லை. “மார்லிஸ், நான் கல்யாணம் பண்ணிக்கப் போறேனா, இல்ல காட்டுல குடியேறப் போறேனா?”

“ரெண்டுக்கும் கெட்டிச் சாமான்தான் வேணும்” என்று சொல்லிவிட்டு மார்லிஸ் கல்லாவை நோக்கி நடந்தாள்.

கல்லாவில் இருந்த பெண் கம்ப்யூட்டரிலிருந்து நிமிர்ந்து புன்னகைத்தாள். “பட்டியலை யார் பேர்ல பதியட்டும்? மாப்பிள்ளை, பொண்ணு ரெண்டு பேரும்தானே?”

“இவ பேர் மட்டும்” என்றாள் மார்லிஸ்.

ஜனெலின் கண்ணில் நீர் முட்டிவிட்டது. “நேராவே கேட்கறேன். என்னை உங்களுக்குப் பிடிக்கலையா? உங்க பையன் பேரோட என் பேர் சேர்ந்து இருக்கக்கூடாதா?”

மார்லிஸ் கையிலிருந்த அளவு நாடாவை நிதானமாகச் சுருட்டினாள்.

“பிடிச்சதாலதான் இந்தப் பனியில வண்டி ஓட்டிட்டு வந்தேன். அவன் பேர் இருந்துதுன்னா, நீ கிளம்புற அன்னைக்கு ஒரு கரண்டியைக்கூட எடுக்க விடமாட்டான். போன தடவை நான் வாயைத் திறக்கலை. அந்தப் பொண்ணு ஜனவரிக் குளிர்ல வெறுங்கையோட பஸ் ஏறினா. அதை நினைச்சா இன்னும் எனக்குத் தூக்கம் வர்றதில்லை.”

ஜனெலுக்கு ‘அவ்வளவுதானா’ என்றிருந்தது. கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தேவிட்டாள்.

“ஹெய்டி கதைதானே? அதெல்லாம் ப்ரைஸ் எப்பவோ சொல்லிட்டார். எங்கிட்ட அவர் எதையுமே ஒளிச்சதில்லை” என்றாள் பெருமையாக.

மார்லிஸ் அவளை அன்றைக்கு முதல்முறையாகப் பரிவோடு பார்த்தாள்.

“ஹெய்டி முதல் பொண்டாட்டிம்மா. நான் சொன்னது மூணாவதை.”