தொப்பிக்காரருக்குத் தட்டு இல்லை

"அந்தத் தொப்பிக்காரருக்கு மட்டும் கிடையாது!"

"எட்டுப் பேருக்கும் சொல்லித்தானே வச்சேன் அக்கா, ஒருத்தரை மட்டும் எப்படி—"

"ஏழு தட்டுதான் போடுவேன்!"

ஒசாகா கடைத்தெருவில் வெளிநாட்டுக்காரர்களைச் சாப்பிட அழைத்துவந்த வழிகாட்டி ரிகாகோவும், ஆக்டோபஸ் உருண்டை சுடும் தோமியேவும் மாறி மாறிக் கத்தினார்கள். கூட்டத்தோடு தொப்பியும் முகக்கவசமுமாக நின்ற பெரியவர் தொப்பியை இன்னும் கீழே இழுத்துவிட்டுக்கொண்டார்.

"அவரும் டிக்கெட் வாங்கித்தானே வந்திருக்காரு? கொடுக்கலைன்னா நாளையிலேர்ந்து எதிர்க்கடைக்குத்தான் கூட்டிட்டுப் போவேன்."

'எதிர்க்கடை' என்றதும் தோமியே பல்லைக் கடித்துக்கொண்டு எட்டாவது தட்டை நீட்டினாள். பெரியவர் முகக்கவசத்தை இறக்கி, சூடான உருண்டையை அப்படியே வாயில் போட்டுக்கொண்டார்.

"அவர்மேல அப்படி என்ன கோபம் அக்கா?"

"எதிர்க்கடை சாஸ்தான் ருசின்னு என் வாடிக்கைக்காரங்க முன்னாடியே சொல்லிட்டாரும்மா. மன்னிப்புக் கேக்குற வரைக்கும் வீட்லயும் கடையிலயும் சாப்பாடு கிடையாதுன்னுட்டேன். மூணு நாளா வீம்பா இருக்காரு, என் புருஷன்!"

ரிகாகோ திகைத்துத் திரும்பினாள். பெரியவர் காலித் தட்டை மனைவியிடம் பணிவாகக் குனிந்து கொடுத்துவிட்டு, ரிகாகோ பக்கம் சாய்ந்தார்.

"நாளைக்கும் எனக்கு ஒரு டிக்கெட் போட்டு வைம்மா."