பின்கட்டுத் தொட்டி

“இன்னும் கிட்ட போ. மூக்கைத் தொட்டிக்குள்ள விடு!”

சொன்னவர் கசாமா. சொன்னது தன் மனைவியிடம். அவரோ கைக்குட்டையால் தன் மூக்கை இறுகப் பொத்திக்கொண்டிருந்தார். இந்த மாதிரி ஆம்பிளையை என்னவென்று சொல்ல?

அந்த அம்மாள், பேர் மினேகோ, மறுபேச்சுப் பேசாமல் தொட்டிப் பக்கம் முகத்தைக் கொண்டுபோனாள். நிமிர்ந்து, வேண்டாம் என்பதுபோல் தலையை ஆட்டினாள்.

மீன் கீறும்போதும் இதே கூத்துதான். “குடலை மோந்து பாரு” என்றார். மோந்தாள். அதற்கும் தலையாட்டினாள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

எங்கள் நீஜிமா தீவுக் கருவாட்டுக்குக் குசாயா என்று பேர். மீனை வயிற்றில் கீறி, அலசி, வருஷக்கணக்காகப் புளித்துக் கிடக்கும் உப்புத் தண்ணீரில் ஒரு ராத்திரி ஊறப்போட்டு, வெயிலில் காயவைப்போம். டோக்கியோக்காரர்களுக்கு அதைத் தங்கள் கையாலேயே செய்து பார்க்க ஆசை. கப்பல் கம்பெனி ஆள் சேர்த்து அனுப்பும், நான் கத்தியைக் கொடுத்துச் சொல்லிக்கொடுப்பேன்.

ஆசை இருந்தால் போதுமா, மூக்கு தாங்க வேண்டாமா? போன மாதம் வந்த கூட்டம், தொட்டியைத் திறந்ததும் வாந்தி எடுத்துவிட்டுப் புகார் எழுதியது. “இன்னொரு புகார் வந்தா உங்களைப் பட்டியல்லேர்ந்து தூக்கிடுவோம்” என்று கம்பெனியில் சொல்லிவிட்டார்கள். வருகிற ஆட்களை நம்பித்தான் என் பிழைப்பு. அதனால் முன்பக்கத் தொட்டியில் பாதிக்குப் பாதி தண்ணீர் கலந்துவிட்டேன். அசல் பின்கட்டில் இருக்கிறது, பூட்டுப் போட்டு.

அன்றைக்கு நாலே பேர். இவர்கள் இரண்டு பேர், அப்புறம் இரண்டு கல்லூரிப் பெண்கள். தண்ணீர் கலந்ததற்கே அந்தப் பெண்கள், “ஆன்ட்டி, செத்தோம்!” என்று மூக்கைப் பிடித்துக்கொண்டு செல்ஃபி எடுத்தார்கள். எனக்கு அது போதும்.

கசாமாவுக்குப் போதவில்லை.

“ஏம்மா, இதைவிட நாத்தம் பிடிச்சது உங்ககிட்ட எதுவும் இல்லையா?”

“இதுவே ஜாஸ்தி ஐயா.”

“இதுல தண்ணி கலந்திருக்கு. நான் விசாரிச்சுட்டுத்தான் வந்தேன். பழைய தொட்டி ஒண்ணு இருக்கணுமே?”

உண்மையைச் சொல்லிவிட்டார். அதனாலேயே எனக்குக் கோபம் இன்னும் ஏறியது.

“இருக்கு. ஆனா அது வர்றவங்களுக்குக் காட்டுறதுக்கு இல்ல.”

“இவளுக்கு மட்டும் ஒரே ஒரு தடவை...”

“போதுங்க, விடுங்க” என்றாள் மினேகோ. “கப்பலுக்கு நேரமாச்சு.”

“நீ பேசாம இரு. இவ்வளவு தூரம் வந்துட்டு, இதைப் பாக்காமப் போறதா?”

எனக்குப் பொறுக்கவில்லை. “அவங்கதான் போதும்கிறாங்களே, ஏன் ஐயா போட்டுப் படுத்துறீங்க? அதைத் திறந்தா இந்தப் பொண்ணுங்க ஓடிடும். அப்புறம் புகார். என் பொழப்புல மண்ணு!”

“நான் சத்தியமா எழுத மாட்டேம்மா. கெஞ்சிக் கேக்குறேன்.”

இடுப்பு வரை குனிந்தவர் நிமிரவே இல்லை. பெண்டாட்டியைப் படுத்துவதற்கு இத்தனை பணிவா! இந்த மனுஷனுக்கு ஒரு பாடம் சொல்லிக்கொடுத்தே தீர வேண்டும் என்று எனக்கு வீம்பு வந்துவிட்டது.

“திறக்கிறேன். ஆனா முதல்ல நீங்க மோந்து பாக்கணும். கைக்குட்டை இல்லாம.”

“சரிம்மா.”

பின்கட்டுப் பூட்டைத் திறந்தேன். “என்ன ஆன்ட்டி, என்ன?” என்று அந்தப் பெண்களும் பின்னாலேயே வந்தார்கள். மூடியைத் தூக்கினேனோ இல்லையோ, வீலென்று கத்திக்கொண்டு முற்றத்துக்கு ஓடினார்கள்.

“முதல்லயே சொல்ல மாட்டீங்களா? இருங்க, இப்பவே கம்பெனிக்குப் போன் போடுறோம்!”

கசாமா சொன்ன சொல் தவறவில்லை. தொட்டிக்குள் முகத்தை விட்டார். இருமல் பிய்த்துக்கொண்டு வந்தது. கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டியது. நல்லா வேணும் என்று நினைத்துக்கொண்டேன்.

“இப்ப... நீ” என்றார், இருமலுக்கு நடுவே. அப்போதும் விட்டாரா பாருங்கள்!

மினேகோ குனிந்தாள். ஒரு மூச்சு இழுத்தாள். இன்னொன்று. தலையை ஆட்டப் போனவள், அப்படியே நின்றாள். முகம் சுருங்கியது.

“சீ! என்ன கருமம் இது... நாறுது!”

“என்னது?”

“நாறுதுங்க! குடலைப் புரட்டுது!”

கசாமா ஈரத் தரையிலேயே உட்கார்ந்து ஓவென்று அழ ஆரம்பித்தார்.

“இப்பத் திருப்தியா?” என்று கத்தினேன். “அவங்களையும் படுத்தியாச்சு, எனக்கும் புகார் வாங்கிக் குடுத்தாச்சு. இப்ப அழுது என்ன பிரயோஜனம்?”

மினேகோ தொட்டியை விட்டு நகரவில்லை. திரும்பத் திரும்ப மூச்சை இழுத்துக்கொண்டு, அழுதுகொண்டே சிரித்தாள்.

“மன்னிச்சுடுங்கம்மா” என்றார் கசாமா, சட்டைக் கையில் கண்ணைத் துடைத்துக்கொண்டு. “நாலு வருஷம் முன்னாடி ஒரு காய்ச்சல்ல இவளுக்கு வாசனையே செத்துப்போச்சு. அடுப்புல சோறு தீஞ்சாத் தெரியாது. பேத்தியைத் தூக்கி முத்தம் குடுத்துட்டு, ‘பிள்ளை வாசனையே தெரியலையே’ன்னு அழுவா. டாக்டருங்க கையை விரிச்சுட்டாங்க. சோயாவைப் புளிக்க வைக்கிற இடம், மீனைச் சோத்துல புதைக்கிற இடம்னு, நாத்தம் எங்கெல்லாம் உண்டோ அங்கெல்லாம் கூட்டிக்கிட்டு அலைஞ்சேன். இன்னிக்குத்தாம்மா இவ வாயால ‘நாறுது’ன்னு கேட்டேன்!”

முற்றத்தில் அந்தப் பெண்கள் போனில் இன்னும் கத்திக்கொண்டிருந்தார்கள். கத்தட்டும் என்று, மூட எடுத்த மூடியைச் சுவரோரம் சாய்த்து வைத்தேன்.