முதல் பயணி

"பிரசெல்ஸில இறங்கினதும் முதல் வேலை, மியூசியத்துக்குப் போய் அந்த விமானத்தைப் பாக்கிறதுதான். கலியாண வீடு பிறகு," என்றார் குலேந்திரன்.

ரயிலில் பக்கத்து இருக்கையில் இருந்த நிறோஷினி, "எந்த விமானம் அங்கிள்?" என்று கேட்டு மாட்டிக்கொண்டாள்.

"ஒண்டுக்கு மேல ஒண்டா இரட்டைச் சிறகு, பிள்ளை. நூறு வருசத்துக்கு முந்தி பெல்ஜியத்தில செய்து பாத்தது. மரமும் துணியும்தான். ஓட்டினவன் ஒரு ஆள் உயரத்துக்கு எழும்பி, பீற்றூட் தோட்டத்துக்க விழுந்தான். அடுத்த நாளும் ஏறினான். கூட வாங்கோ எண்டு கேக்க, ஊரே ஓடி ஒளிச்சிட்டுது. பயந்தாங்கொள்ளியள்!"

மனைவி ராசமலர் முறுக்குப் பெட்டியைத் திறந்தபடி சிரித்தாள். "நீங்கள் ஏறியிருப்பியளோ?"

"முதல் ஆளா ஏறியிருப்பன்!"

அப்போது அறிவிப்பு ஒலித்தது. அடுத்த நிலையம் டென்மார்க்கின் ஒடென்சே நகரம்.

இறங்குவதற்காகப் பையை எடுத்த நிறோஷினி கேட்டாள். "பிரசெல்ஸுக்குப் பிளேன்ல ரெண்டு மணித்தியாலம்கூட இல்லையே அங்கிள். ஏன் நாள் முழுக்க ரெயில்ல போறீங்கள்?"

குலேந்திரன் அவசரமாக ஜன்னலுக்கு வெளியே பார்த்தார்.

ராசமலர் அவளிடம் ஒரு முறுக்கை நீட்டினாள். "அந்தப் பிளேன் எண்டால் இவர் கட்டாயம் ஏறுவார், பிள்ளை. அது ஆள் உயரத்துக்கு மேல போகாதெல்லே!"